புள்ளி வைக்கும் முன் ஒரு கேள்வி

பத்தாம் வகுப்புப் பொதுத்தேர்வின் கணிதத் தாளில் கடைசிப் பகுதிக்குத் தனி மவுசு உண்டு. செய்முறை வடிவியலுக்கு 8 மதிப்பெண், வரைபடத்துக்கு 8 மதிப்பெண். தேர்ச்சிக்கு 35 போதும் என்கிற தாளில் இந்த 16 ஏறக்குறைய பாதி. கணக்கு வராது என்று ஒதுங்கி நிற்கும் பிள்ளைகளைக்கூட மாலை வகுப்பில் உட்கார வைத்து, ‘வேறு எதை விட்டாலும் இந்த இரண்டையும் விட்டுவிடாதே’ என்று ஆசிரியர்கள் திரும்பத் திரும்பப் போட்டுப் பழக்குகிறார்கள். அந்த உழைப்பால் கரையேறிய பிள்ளைகள் ஏராளம். அதைக் குறைசொல்ல யாருக்கும் மனம் வராது.

ஆனாலும் ஒன்றைக் கேட்டாக வேண்டும். வரைபடத்தில் 8க்கு 8 வாங்கிய ஒரு மாணவியிடம் ஓர் இருபடிக் கோவையைக் கொடுத்து, அட்டவணை போடாமல் இரண்டே கேள்வி கேட்டுப் பாருங்கள். இதன் வளைவு மேல்நோக்கித் திறக்குமா, கீழ்நோக்கித் திறக்குமா? எந்த இடத்தில் திரும்பும்? பலர் பென்சிலை எடுத்து அட்டவணை போடத் தொடங்குவார்கள். கேள்வியைப் பார்த்த மாத்திரத்தில் வாயாலேயே சொல்லக்கூடிய பதில்கள் இவை. வளைவை வரையப் பழக்கிய நாம், அதைப் படிக்கப் பழக்கவில்லை.

மாணவர்கள் நன்கறிந்த கணக்கு ஒன்றையே எடுத்துக்கொள்ளலாம். எக்ஸின் வர்க்கத்திலிருந்து எக்ஸின் 9 மடங்கைக் கழித்து, 20ஐக் கூட்ட வேண்டும். எக்ஸுக்கு 0 முதல் 9 வரை மதிப்புக் கொடுத்தால் விடைகள் வரிசையாக 20, 12, 6, 2, 0, 0, 2, 6, 12, 20 என்று வரும். புள்ளிகளைக் குறித்து, கையை நடுங்கவிடாமல் இணைத்தால் பரவளையம் தயார். 4, 5 என்று தீர்வுகளையும் எழுதியாயிற்று. சரிதான். ஆனால் அந்த விடைத்தாளின் அடிப்பகுதியைக் கொஞ்சம் உற்றுப் பார்க்க வேண்டும். 4இலும் 5இலும் விடை பூஜ்ஜியம் என்பதால், பல பிள்ளைகள் அந்த இரண்டு புள்ளிகளையும் எக்ஸ் அச்சின்மேலேயே நேர்க்கோடாக இழுத்துவிடுகிறார்கள். வளைவின் அடி தட்டையாகிப் பாத்திரத்தின் அடிபோல உட்கார்ந்துவிடுகிறது. உண்மையில் வளைவு திரும்புவது நாலரையில். அங்கே அதன் மதிப்பு −0.25, அதாவது அச்சுக்குக் கீழே. ஒய் அச்சில் ஒரு சென்டிமீட்டருக்கு இரண்டு அலகு என்று அளவுத்திட்டம் வைத்தால், அந்த இறக்கம் தாளில் ஒன்றேகால் மில்லிமீட்டர், வரைபடத் தாளின் ஒரு சின்னக் கட்டத்தைவிடச் சற்றே பெரியது. அந்த ஒன்றேகால் மில்லிமீட்டரில்தான் பாடம் முழுவதும் இருக்கிறது. பரவளையத்தில் எந்த இடத்திலும் நேர்க்கோட்டுத் துண்டு கிடையாது என்பதும், முனை எங்கே என்பதும் தெரிந்த பிள்ளை அதை ஒருபோதும் தட்டையாக இழுக்காது.

முனையைக் கண்டுபிடிக்கப் பெரிய வித்தை எதுவும் வேண்டாம். நடு உறுப்பின் கெழுவைக் குறி மாற்றி, வர்க்க உறுப்பின் கெழுவின் இருமடங்கால் வகுத்தால் போதும். இங்கே 9ஐ 2ஆல் வகுத்தால் நாலரை. அந்த இடத்தில் நிறுத்திய செங்குத்துக்கோடு வளைவின் சமச்சீர் அச்சு. அதற்கு இந்தப் பக்கம் என்ன நடக்கிறதோ அதுவே அந்தப் பக்கமும் நடக்கும். மேலே உள்ள பத்து விடைகளை இன்னொரு முறை பாருங்கள்: 20, 12, 6, 2, 0, பிறகு 0, 2, 6, 12, 20. பாதி அட்டவணை போட்டாலே மீதி தானாக வந்துவிடுகிறது. அரைமணி நேரம் கூட்டிக் கழித்துக் களைத்துப்போகும் மாணவனுக்கு இதைவிடப் பெரிய உதவி எது?

திசையைச் சொல்வது இன்னும் எளிது. வர்க்க உறுப்பின் கெழு மிகை எண்ணாக இருந்தால் வளைவு மேல்நோக்கித் திறக்கும், அதாவது மேற்புறமாகக் குழிந்திருக்கும். முனைதான் அதன் மிகத் தாழ்ந்த புள்ளி. கெழு குறை எண்ணாக இருந்தால் வளைவு கவிழ்ந்து நிற்கும், முனையே உச்சம். காரணத்தையும் பிள்ளைகளிடம் சொல்லிவிடலாம். எக்ஸ் ஆயிரமாகும்போது அதன் வர்க்கம் பத்து லட்சம். அந்தப் பத்து லட்சத்துக்கு முன்னால் 9 மடங்கும் 20உம் ஒன்றுமே இல்லை. ஆகவே வளைவின் இரு கைகளும் எந்தப் பக்கம் போகும் என்பதை வர்க்க உறுப்பு மட்டுமே தீர்மானிக்கிறது.

குழிவைத் தொட்டுப் பார்க்கவும் ஒரு வழி உண்டு. வளைவின்மேல் ஏதேனும் இரண்டு புள்ளிகளை ஸ்கேலால் இணைத்துப் பாருங்கள். மேல்நோக்கித் திறந்த வளைவில் அந்த நாண் எப்போதும் வளைவுக்கு மேலேயே போகும். நம் கணக்கில் 1க்கு விடை 12, 3க்கு விடை 2. இரண்டின் சராசரி 7. நடுவிலுள்ள 2க்கு விடை 6. இடைவெளி 1. வலப்பக்கம் போய் 6ஐயும் 8ஐயும் எடுத்தால் அங்கேயும் சராசரி 7, நடுவில் 6, இடைவெளி அதே 1. இதேபோல இரண்டு அலகு தள்ளியுள்ள புள்ளிகளை எங்கே எடுத்தாலும் இந்த இடைவெளி மாறாது. முப்படிச் சார்புகளில் ஓரிடத்தில் குழிவு திசை மாறிவிடும். இருபடிச் சார்பு அப்படிச் செய்வதே இல்லை. ஒரு முனையிலிருந்து மறுமுனை வரைக்கும் ஒரே போக்கு. பதினொன்றாம், பன்னிரண்டாம் வகுப்புகளில் இரண்டாம் வகைக்கெழு என்று படிக்கும்போது வருவது இதே செய்திதான். இருபடிச் சார்புக்கு அது வர்க்கக் கெழுவின் இருமடங்கு, ஒரு மாறிலி.

வகையிடல் தெரியாத பத்தாம் வகுப்புப் பிள்ளைக்கும் இந்த மாறிலியைக் கண்ணால் காட்டலாம். அந்தப் பத்து விடைகளில் அடுத்தடுத்தவற்றைக் கழித்தால் −8, −6, −4, −2, 0, 2, 4, 6, 8. இவற்றையும் கழித்தால் கிடைக்கும் இரண்டாம் வித்தியாசம் 2, 2, 2, 2... கடைசிவரை 2. வேறொரு இருபடிக் கோவையில் இது 6ஆக இருக்கலாம், −4ஆக இருக்கலாம். ஆனால் எக்ஸை ஒவ்வொன்றாகக் கூட்டிக்கொண்டு போனால் எல்லா இடத்திலும் ஒரே எண்தான் வரும். ஓரிடத்தில் மட்டும் வேறு எண் வந்தால் அட்டவணையில் கூட்டல் பிழை இருக்கிறது என்று பொருள். தேர்வறையில் விடையைத் தானே சரிபார்க்கும் வழி இது. இத்தனை சுலபமான ஒன்றை எந்தப் பிள்ளைக்கும் சொல்லாமல் விடுவது நியாயமில்லை.

இத்தாலியில் கலிலியோ கண்டதும் இந்த அழகைத்தான். சாய்தளத்தில் உருளும் பந்து சம கால இடைவெளிகளில் கடக்கும் தூரங்கள் 1, 3, 5, 7 என்று ஒற்றைப்படை எண்களின் விகிதத்தில் கூடிக்கொண்டு போவதைக் கவனித்தார். அவற்றின் வித்தியாசம் எப்போதும் 2. மொத்தத் தூரம் காலத்தின் வர்க்கத்தைப் பொறுத்தது என்று அதிலிருந்து தெரிந்தது. எறியப்பட்ட பொருள் காற்றின் தடை இல்லாவிட்டால் பரவளையத்தில் செல்லும் என்ற அவரது நிறுவல் 1638இல் அச்சேறியது. இரண்டாம் வித்தியாசம் மாறாமல் இருப்பதற்கு இயற்பியலில் முடுக்கம் மாறாமல் இருப்பது என்று பெயர்.

இருபடிச் சமன்பாட்டின் கதை அதைவிட மிகப் பழையது. சதுரத்தின் பரப்பையும் பக்கத்தையும் கூட்டினால் இவ்வளவு, பக்கம் எவ்வளவு என்று சுமார் 3,800 ஆண்டுகளுக்கு முந்தைய பாபிலோனியக் களிமண் பலகைகள் கணக்குப் போடுகின்றன. பிரம்மகுப்தர் கி.பி. 628இல் பொதுவான தீர்வு முறையை எழுதிவைத்தார். கி.பி. 820ஐ ஒட்டி பாக்தாத்தில் அல்-குவாரிஸ்மி எடுத்துக்கொண்ட கணக்கு ஒன்று இன்றும் வகுப்பறைக்குப் பொருந்தும். ஓர் எண்ணின் வர்க்கமும் அதன் 10 மடங்கும் சேர்ந்தால் 39. அவர் நிஜமாகவே ஒரு சதுரம் வரைந்தார். அதன் இரு பக்கமும் 5 அகலத்தில் செவ்வகங்களை ஒட்டினார். மூலையில் 5க்கு 5 என்று ஒரு காலியிடம் மிச்சம். அந்த 25ஐ நிரப்பினால் 39, 64 ஆகிறது. பெரிய சதுரத்தின் பக்கம் 8, தேடிய எண் 3. வர்க்கப் பூர்த்தி முறை என்று நம் பிள்ளைகள் சூத்திரமாக உருப்போடுவது இப்படி ஒரு மூலையை நிரப்பிய கதைதான்.

இவர்கள் யாரும் வளைவை வரையவில்லை. மறுபக்கம், சுமார் 2,200 ஆண்டுகளுக்கு முன்பு கிரேக்கரான அப்பொலோனியஸ் கூம்பை வெட்டிப் பரவளையத்தின் பண்புகளை அலசித் தள்ளினார். அவரிடம் இயற்கணிதக் குறியீடு இல்லை. வளைவும் சமன்பாடும் ஒரே தாளில் சந்திக்க 1637இல் டெகார்ட்டின் நூல் வரவேண்டியிருந்தது. இடையில் ஓடியது ஏறத்தாழ 1,800 ஆண்டுகள். அவ்வளவு காலம் கழித்துச் சேர்ந்த இரண்டையும் நம் தேர்வுமுறை மறுபடி பிரித்து வைத்திருக்கிறது. காரணிப்படுத்தலும் தன்மைக்காட்டியும் ஒரு பக்கம், வரைபடம் என்கிற 8 மதிப்பெண் வேலை இன்னொரு பக்கம். எக்ஸ் வர்க்கத்தோடு 2 எக்ஸையும் 5ஐயும் கூட்டும் கோவைக்கு மெய் மூலங்கள் இல்லை என்பதைத் தன்மைக்காட்டி −16 என்று போட்டு எழுதுகிறார்கள். முனை −1இல் இருக்கிறது, அங்கே மதிப்பு 4, வளைவு மேல்நோக்கித் திறக்கிறது. அப்படியானால் அது எக்ஸ் அச்சை எப்படித் தொடும்? இந்தக் கேள்வியைக் கேட்கும் பிள்ளைக்குத் தன்மைக்காட்டியின் குறி என்ன சொல்கிறது என்பதும் புரிந்துவிடும்.

இதெல்லாம் தேர்வுக்கு வெளியே எதற்கு உதவும் என்று கேட்கும் பெற்றோர் உண்டு. நியாயமான கேள்வி. நெல் வயலையே எடுத்துக்கொள்வோம். தழைச்சத்தைக் கூட்டக் கூட்ட மகசூல் ஏறும், ஓரளவுக்குப் பிறகு இறங்கும். வேளாண் ஆய்வுகளில் இந்த உறவை இருபடிச் சார்பாகப் பொருத்திப் பார்ப்பது நெடுநாள் வழக்கம். கணக்குக்காக வட்டமான எண்களில் ஒன்றை அமைப்போம்: ஹெக்டேருக்கு இடும் தழைச்சத்துக் கிலோவை 30ஆல் பெருக்கி, 2,500ஐக் கூட்டி, தழைச்சத்தின் வர்க்கத்தில் பத்தில் ஒரு பங்கைக் கழித்தால் நெல் மகசூல் கிலோவில் வரும். எதுவும் இடாவிட்டால் 2,500. 50 கிலோவுக்கு 3,750. 100க்கு 4,500. 150க்கு 4,750. 200க்கு மறுபடி 4,500.

இந்த ஐந்து எண்களில் பேசுவதற்கு நிறைய இருக்கிறது. முதல் 50 கிலோ 1,250 கிலோ நெல்லைக் கூட்டித் தந்தது. அடுத்த 50 கிலோ 750, அதற்கடுத்தது வெறும் 250. நாலாவது 50 கிலோ 250 கிலோவைக் கெடுத்தது. 100 கிலோ போட்டவருக்கும் 200 கிலோ போட்டவருக்கும் ஒரே மகசூல். சமச்சீர் அச்சு வயலில் வேலை செய்வது இப்படித்தான். யூரியாவில் தழைச்சத்து 46 விழுக்காடு. 45 கிலோ மூட்டை ஒன்றில் 20.7 கிலோ. அந்த அதிகப்படி 100 கிலோ என்பது ஏறக்குறைய ஐந்து மூட்டை யூரியா. அது வீண் என்பதோடு முடியவில்லை. தழைச்சத்து மிகுந்தால் பயிர் சாயும், புகையானும் இலைச்சுருட்டுப் புழுவும் தேடி வரும். மண்ணுக்கு மண், ரகத்துக்கு ரகம் கெழுக்கள் மாறும். ஆனால் வர்க்கக் கெழு குறை எண் என்பது மாறாது. ‘கொஞ்சம் போட்டதற்கே இவ்வளவு என்றால் இரண்டு பங்கு போட்டால்?’ என்ற நினைப்பு, கவிழ்ந்த வளைவை நேர்க்கோடு என்று நம்புவதிலிருந்து வருகிறது.

கெழு மிகை எண்ணானால் என்ன ஆகும் என்பதைச் சாலை காட்டும். ஓட்டுநர் ஆபத்தைக் கண்டு பிரேக்கை மிதிக்க ஒரு விநாடி ஆகிறது, உலர்ந்த சாலையில் வண்டி விநாடிக்கு விநாடி 7 மீட்டர் வீதம் வேகம் குறைகிறது என்று வைத்துக்கொள்வோம். மணிக்கு 40 கிலோமீட்டரில் வந்த வண்டி நிற்க சுமார் 20 மீட்டர் வேண்டும். 60இல் 36.5 மீட்டர். 80இல் 57.5. 100இல் 83. வேகத்தை ஒவ்வொரு முறையும் கூட்டியது அதே 20 கிலோமீட்டர்தான். ஆனால் அதற்குக் கொடுக்கும் விலை பதினாறரை, இருபத்தொன்று, இருபத்தைந்தரை மீட்டர் என்று ஏறுகிறது. இரண்டாம் வித்தியாசம் இங்கேயும் ஏறத்தாழ நாலரை மீட்டரில் மாறாமல் நிற்கிறது. பதினெட்டு வயதில் ஓட்டுநர் உரிமம் வாங்கப்போகும் பிள்ளை, பதினைந்து வயதில் இந்த வளைவைப் படிக்கத் தெரிந்துகொள்வது நல்லது.

கெழுவின் குறியோடு விஷயம் முடிவதில்லை, அதன் அளவும் பேசும். பரவளையத்தின் முனையிலிருந்து குவியம் எவ்வளவு தூரம் என்பதை அதுதான் முடிவு செய்கிறது. 1ஐ வர்க்கக் கெழுவின் நான்கு மடங்கால் வகுத்தால் குவியத்தூரம். ஊட்டிக்கு அருகே முத்தொரையில் மலைச்சரிவில் 1970 முதல் நிற்கும் ரேடியோ தொலைநோக்கி இதற்குக் கண்முன் சாட்சி. கோவிந்த் ஸ்வரூப் தலைமையில் டாட்டா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனம் கட்டியது. 530 மீட்டர் நீளம், 30 மீட்டர் அகலம். பரவளைய வடிவில் 24 சட்டங்கள், அவற்றின்மேல் நீளவாக்கில் இழுத்துக் கட்டிய 1,100 துருப்பிடிக்காத எஃகுக் கம்பிகள். வானிலிருந்து வரும் அலைகளை ஒரு கோட்டில் குவிக்க இந்த வளைவால்தான் முடிகிறது. சுமார் 11 டிகிரி சாய்ந்த சரிவைத் தேடிப் பிடித்ததற்கும் காரணம் உண்டு. அந்த இடத்தின் அட்சரேகையும் ஏறக்குறைய அதே அளவு என்பதால், தொலைநோக்கியின் நீள அச்சு பூமியின் சுழல் அச்சுக்கு இணையாக அமைந்தது. ஒரே அச்சில் திருப்பினாலே வானத்தில் ஒரு பொருளை மணிக்கணக்காகப் பின்தொடரலாம். ஊட்டிக்குச் சுற்றுலா போகும் பள்ளிப் பேருந்துகள் இங்கே ஒரு மணி நேரம் நின்றால் எத்தனையோ வகுப்புகளுக்கு ஈடாகும்.

உத்தராகண்டின் தேவஸ்தலில் 2022இல் முதன்முதலாக வானத்தைப் பார்த்த தொலைநோக்கி இன்னும் வியப்பு. அதன் ஆடி திரவப் பாதரசம். நான்கு மீட்டர் அகலத் தட்டில் பாதரசத்தை ஊற்றி, சுமார் 8 விநாடிக்கு ஒரு சுற்று என்று சீராகச் சுழற்றினால், புவியீர்ப்பும் சுழற்சியும் சேர்ந்து அதன் மேற்பரப்பைத் துல்லியமான பரவளையமாக வளைத்துவிடுகின்றன. குவியத்தூரம் 8 மீட்டர். அப்படியானால் வர்க்கக் கெழு 32இல் ஒரு பங்கு. நடுவிலிருந்து 2 மீட்டர் தள்ளியிருக்கும் விளிம்பு எவ்வளவு உயரம்? 4ஐ 32ஆல் வகுத்தால் எட்டில் ஒரு பங்கு மீட்டர், அதாவது பன்னிரண்டரை சென்டிமீட்டர். ஒரு பத்தாம் வகுப்பு மாணவி ஒரே வரியில் போட்டுவிடக்கூடிய கணக்கு இது.

ஓர் எச்சரிக்கையும் பாடத்தோடு சேர வேண்டும். தொங்குகிற எல்லாமே பரவளையம் ஆகிவிடாது. இரண்டு கம்பங்களுக்கு நடுவே தன் எடையால் தொங்கும் சங்கிலி பார்வைக்குப் பரவளையம்போலவே இருக்கும். அது வேறு வளைவு என்று 1646இல் ஹைகன்ஸ் நிறுவியபோது அவருக்கு வயது 17. அதே சங்கிலியில் கிடைமட்டமாகச் சீரான சுமையைத் தொங்கவிட்டால், தொங்குபாலத்தின் பெரிய வடம்போல, அது பரவளையத்துக்கு வந்துவிடும். கண்ணை மட்டும் நம்பாமல் இரண்டாம் வித்தியாசத்தைக் கணக்கிட்டுப் பார்க்கும் பழக்கம் இங்கேதான் கைகொடுக்கும்.

வளைவைப் படிப்பதையும் பாடத்தில் சேர்த்தால் மெல்லக் கற்கும் பிள்ளைகளுக்கு இருக்கிற 8 மதிப்பெண்ணும் போய்விடும் என்று ஆசிரியர்கள் அஞ்சலாம். அந்த அச்சத்தில் அக்கறை இருக்கிறது, அதை மதிக்க வேண்டும். ஆனால் கணக்குப் பார்த்தால் நடக்கப்போவது நேர்மாறு. முனையை முதலில் கண்டுபிடித்த பிள்ளைக்கு அட்டவணையில் பாதி வேலை மிச்சம். திசை தெரிந்த பிள்ளை, தவறான புள்ளி ஒன்று வளைவை விட்டுத் துள்ளி நிற்பதை உடனே பிடித்துவிடும். உருப்போட்ட படிகளை மறந்துபோன பிள்ளைக்கு மறுபடி தொடங்க ஓர் இடம் கிடைக்கும்.

அரசுத் தேர்வுகள் இயக்ககம் செய்ய வேண்டிய மாற்றம் மிகச் சிறியது. அந்த 8 மதிப்பெண்ணில் இரண்டைப் பிரித்து, ‘வரைவதற்கு முன் எழுதுக: வளைவு எந்தத் திசையில் திறக்கும், முனை எது, சமச்சீர் அச்சு எது?’ என்று ஒரு வரி சேர்த்தால் போதும். புதிய பாடநூலோ கூடுதல் வகுப்போ வேண்டாம். கேள்வித்தாளில் ஒரு வரி வந்தால் அடுத்த ஜூன் மாதமே எல்லா வகுப்பறைகளிலும் அது பாடமாகிவிடும் என்பது ஆசிரியர்கள் அனைவருக்கும் தெரியும். அந்த ஒரு வரியை வரும் கல்வியாண்டின் மாதிரி வினாத்தாளிலேயே சேருங்கள்.